முகம் தெரியாத படம்

எங்கள் பக்கத்துக் கல்யாணப் பந்தியில் பாயசம் ஊற்றுகிறவர் வந்து நின்றால், பெண்கள் கையை நீட்டி இலையை மறைத்துக்கொண்டு போதும் போதும் என்று சொல்ல வேண்டும். அவர் விடாமல் ஊற்றுவார். நாங்களும் வேறு வழியில்லாமல் சாப்பிடுவது போலச் சாப்பிடுவோம். இதை யாரும் சொல்லிக்கொடுத்து வருவதில்லை. என் கணவருடைய அண்ணன் மனைவிக்கு மட்டும் அந்தப் பழக்கம் வரவே இல்லை. "அண்ணே, கரண்டிய அடியில வுட்டு எடுங்க, முந்திரியெல்லாம் அங்கதான் கெடக்கு" என்பாள், பந்தியே திரும்பிப் பார்க்கிற குரலில். பக்கத்து இலையில் நான் தலையைக் குனிந்துகொள்வேன். பாயசம் கேட்டது அவள், காது சூடாவது எனக்கு.

வேப்பந்தட்டைக்குப் பக்கத்தில் எங்கள் ஊர். மானாவாரிக் காடு, சின்ன வெங்காயம், பருத்தி. எனக்குச் சில வருடங்கள் முன்னால் அந்த வீட்டுக்கு மூத்த மருமகளாக வந்தவள் அவள். நான் அக்கா என்று கூப்பிடுவேன். அவள் என்னைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டதே கிடையாது, "இந்தா புள்ள" தான். வீட்டு ஆண்கள் இரண்டு பேரும் வெளிநாடு. அவள் கணவர் சவுதியில் லாரி ஓட்டினார். என்னுடையவர் துபாயில் எலக்ட்ரீஷியன். மாமியாரும் நாங்கள் இருவரும் பிள்ளைகளும்தான் வீட்டில்.

அவளிடம் வேறொன்றும் விசேஷம் இல்லை. கறுப்பு, ஒல்லி, நடக்கும்போது ஒரு தோள் கொஞ்சம் முன்னால் போகும். ஆனால் எது வேண்டும் என்று நினைத்தாலும் அது வாயில் வந்துவிடும். மனசுக்கும் வாய்க்கும் நடுவே எங்களுக்கெல்லாம் ஒரு கதவு இருக்கிறது, அவளுக்கு அதை வைக்க மறந்துவிட்டார்கள்.

ஒரு தீபாவளிக்கு மாமியார் எங்கள் இருவரையும் பெரம்பலூருக்குப் புடவை எடுக்கக் கூட்டிப் போனார். முறை என்னவென்றால், மாமியார் எடுத்துக் காட்டுவார், மருமகள் "எதுன்னாலும் சரித்தே" என்று சொல்ல வேண்டும். நான் சொன்னேன். அக்கா கடை வாசலில் நின்றிருந்த பொம்மையைக் காட்டி, அது கட்டியிருக்கிறதுதான் எனக்கு வேணும் என்றாள். அந்த நிறத்தில் உள்ளே வேறு புடவை இல்லை. கடைப் பையன் வேறு வழியில்லாமல் அத்தனை கூட்டத்துக்கு நடுவே பொம்மையின் சேலையை உருவினான். அம்மணமாக நின்ற பொம்மையைப் பார்க்க மாட்டாமல் நான் முகத்தைத் திருப்பிக்கொண்டேன். அது கடுகு நிறம். அவளுக்குக் கொஞ்சமும் எடுப்பாக இல்லை. அதை நான் பட்டும் படாமலும் சொன்னபோது, "தெரியும். ஆனா இது நான் கேட்டு வாங்குனதாச்சே" என்றாள். கிழிகிற வரை கட்டினாள்.

வெள்ளிக்கிழமை மத்தியானம் அவர்களுக்கு அங்கே லீவு. வீடியோ காலில் வருவார்கள். நான் போனை அடுப்படிக்குள் எடுத்துக்கொண்டு போய்ப் பேசுவேன். சாப்பிட்டீங்களா, இங்க மழை இல்லைங்க, பையனுக்குச் சளி. அவ்வளவுதான் என் பேச்சு. அக்கா கூடத்தில் நடுவாக நின்று பேசுவாள். அத்தை மகன்தான் என்பதால் கணவரை மாமா என்றுதான் கூப்பிடுவாள், ஆனால் நீ, வா, போ. "மாமா, சட்டையக் கழட்டிட்டு ஒரு சுத்து சுத்து, ஒடம்பு எளச்சிருக்கியான்னு பாக்கணும்" என்பாள். காது மந்தமான மாமியாருக்கும் அந்தக் குரல் எட்டிவிடும்; ஓரத்தில் உட்கார்ந்திருப்பவர் டிவி சத்தத்தைக் கூட்டிவிடுவார். போனுக்குள்ளிருந்து அவர் சிரிக்கிறது கேட்கும். "ஏய், அம்மா இருக்காங்கடி" என்பாரே தவிர, அவர் வேண்டாம் என்று சொல்லி நான் கேட்டதில்லை. அவருக்கு அது பிடித்திருந்தது. நாலு சுவருக்குள் இருந்தவரைக்கும் பிடித்திருந்தது.

அந்தச் சமயத்தில்தான் படம் எடுக்கிற பெண் வந்தாள். மீன்சுருட்டிப் பக்கத்துக்காரி, சென்னையில் சினிமா படித்தவள். ஸ்கூட்டரில் வருவாள், தோளில் ஒரு கறுப்புப் பை. கதைப் படம் இல்லை, நிஜமான ஆட்களை அவர்கள் வாயால் பேசவைத்து எடுக்கிற படம் என்று மகளிர் குழுக் கூட்டத்தில் எங்களுக்கு விளக்கினாள். வெளிநாட்டில் வேலை பார்க்கிற ஆண்களின் மனைவிமார்களைப் பற்றி, அவர்களுடைய ஆசையைப் பற்றி எடுக்கப்போகிறேன் என்றாள். நகை ஆசையா என்று ஒருத்தி கேட்டாள். இல்லைக்கா, உடம்பு ஆசை என்றது அந்தப் பெண். கூட்டம் அத்தோடு கலைந்தது. ஒரு பெரியம்மா செருப்பை மாட்டிக்கொண்டே, இவளைப் பெத்தவங்க என்ன பண்றாங்க என்று கேட்டுவிட்டுப் போனார்.

அவள் விடவில்லை. கேமரா இல்லாமல் வர ஆரம்பித்தாள். அது வெங்காயம் பிடுங்கிக் காயப்போட்டு, மேலே இருக்கிற இலைத் தாளை அரிகிற காலம். வெங்காயத்தைச் சேர்த்துவைக்கிற பட்டறைக்குப் பக்கத்தில், புங்க மரத்தடியில், எங்கள் தெருப் பெண்கள் வட்டமாக உட்கார்ந்து குவியல் குவியலாக அரிந்து தள்ளுவோம். அவளும் உட்கார்ந்து அரிந்தாள். நெல்லும் கரும்பும் பார்த்து வளர்ந்தவளுக்கு வெங்காயம் பிடிபடவில்லை. கண்ணைக் கசக்கிக் கசக்கி முகமெல்லாம் வீங்கிப் போகும். ஆசையைப் பற்றி ஒரு வார்த்தை கேட்க மாட்டாள். வெள்ளிக்கிழமை என்ன பேசுவீங்க, அவர் லீவில் வந்தால் முதல் நாள் என்ன சமைப்பீங்க, இப்படித்தான். பதில் சொல்லி முடித்த பிறகும் நம் முகத்தையே பார்த்துக்கொண்டிருப்பாள். அந்தச் சும்மா இருப்பதுதான் ஆபத்து. அதை நிரப்ப நாம் இன்னும் இரண்டு வார்த்தை சேர்த்துச் சொல்லிவிடுவோம்.

முகம் காட்ட மாட்டேன், குரலை மிஷினில் மாற்றிவிடுவேன், கைகளை மட்டும்தான் எடுப்பேன் என்று அவள் சத்தியம் செய்த பிறகு சம்மதித்தோம். கேமராவைத் தரையோடு தரையாக, குவியலுக்கு எதிரே வைத்தாள். எல்லாரும் குனிந்து அரிந்துகொண்டிருந்தோம். அக்காதான் கத்தியைக் கீழே வைத்துவிட்டு, "மொதல்ல நீ சொல்லு. உனக்கு யாரு வேணும்? நீ சொன்னா நாங்களும் சொல்றோம்" என்றாள்.

அந்தப் பெண் இதை எதிர்பார்க்கவில்லை. கழுத்துவரை சிவந்துபோனாள். பிறகு தாழ்ந்த குரலில் சொன்னாள். சென்னையில் ஒருத்தன் இருந்தானாம், பிரிந்தாகிவிட்டது. இன்றைக்கும் பைக்கில் போகிற யாருடைய முதுகாவது அவன் முதுகு போல இருந்தால் சிக்னல் போட்டது கூடத் தெரியாமல் நின்றுவிடுவேன் என்றாள். கண்ணில் தண்ணீர். அது வெங்காயத்தாலா என்று நாங்கள் கேட்கவில்லை. அதற்குப் பிறகு பேசுவது எளிதாக இருந்தது.

அக்கா பேசினாள். ஒரே பிடியில் நாலைந்து வெங்காயத்தைத் தாளோடு சேர்த்துப் பிடித்து, கத்தியைத் தன் பக்கமாக இழுத்து ஒரே வெட்டாக அரிவது அவள் பழக்கம். அப்படி அரிவதற்கு எங்கள் ஊரிலேயே தைரியம் அவள் ஒருத்திக்குத்தான். பேச்சு நடுவில் அவள் கை நிற்கவே இல்லை. "ரெண்டு வருஷத்துக்கு ஒருக்கா வரும். மொத வாரம் விருந்தாளி. ரெண்டாவது வாரம் புருஷன். மூணாவது வாரம் பொட்டி கட்ட ஆரம்பிச்சுரும். அந்த ரெண்டாவது வாரத்த வச்சுக்கிட்டு நான் ரெண்டு வருஷம் ஓட்டணும்" என்றாள். எல்லாரும் சிரித்தார்கள். பசி மாதிரி இருக்குமா அக்கா என்று அந்தப் பெண் கேட்டாள். படித்தவர்கள் இப்படி ஏதாவது ஒரு உதாரணத்தை வைத்திருப்பார்கள் போல.

"பசி மாதிரியெல்லாம் இல்ல. பசிக்கு யாரு வூட்டுச் சோத்தப் போட்டாலும் அடங்கிரும். எனக்கு அந்த ஆளுதான் வேணும். அது மேல அடிக்கிற டீசல் வாடையோட வேணும்."

யாரும் சிரிக்கவில்லை. எனக்கு எழுந்து ஓடிவிடலாம் போல இருந்தது. அவள் சொன்னது அசிங்கமாகப் பட்டதால் இல்லை, எனக்குத் தெரிந்ததை என் முன்னாலேயே ஒருத்தி சொல்லிவிட்டாள் என்பதால். அந்த நேரம் பார்த்து, உங்களுக்கு எப்படிக்கா என்று அந்தப் பெண் என் பக்கம் திரும்பினாள்.

என் கை நின்றுவிட்டது. நான் ஒவ்வொரு வெங்காயமாக எடுத்து, தாளை இடது விரலில் ஒரு சுற்றுச் சுற்றித்தான் அரிவேன். சுற்றிய தாள் சுற்றியபடியே இருந்தது. எனக்கு அப்படியெல்லாம் ஒண்ணும் இல்லம்மா, வேலையே சரியா இருக்கு என்றேன். அவள் வழக்கம் போலச் சும்மா இருந்தாள். நிரப்புவதற்கு என்னிடம் வார்த்தை இல்லை. எவ்வளவு நேரமோ தெரியாது, அக்காதான் பக்கத்துக் குவியலைக் காலால் என் பக்கம் தள்ளி, "அவள வுடு, அவ நல்ல புள்ள" என்று சொல்லிப் பேச்சை மாற்றினாள்.

படம் முடிந்ததும் அந்தப் பெண் லேப்டாப்போடு வந்தாள். உங்களுக்குக் காட்டாமல் வெளியே எங்கேயும் காட்ட மாட்டேன், ஏதாவது வேண்டாமென்றால் எடுத்துவிடுகிறேன் என்றாள். மாமியார் எறையூருக்கு ஒரு துக்கத்துக்குப் போயிருந்த நாளில், கதவைச் சாத்திக்கொண்டு பார்த்தோம். எல்லாரும் ஒன்றைத்தான் தேடினோம். எங்கேயாவது முகம் தெரிகிறதா? நிழலாவது? தெரியவில்லை. குரல் யாரோ போல இருந்தது. சரிம்மா, இருக்கட்டும் என்று தலையை ஆட்டினோம். வருடாவருடம் ஒரே மரத்தடியில் உட்கார்ந்து அரிகிறவர்கள் நாங்கள். யார் கை யாருடையது என்று எங்களுக்குத் தெரிந்தது. கூட இருந்தோம், அதனால் தெரிகிறது என்று நினைத்துக்கொண்டோம். கூட இல்லாதவர்களுக்கும் தெரியும் என்று ஒருத்திக்கும் தோன்றவில்லை. அந்தப் பெண்ணுக்குத் தோன்றாதது பெரிதில்லை, அவளுக்கு வெங்காயம் தெரியாது. எங்களுக்கு என்ன கேடு?

அக்காவுக்கு மட்டும் ஒரு குறை இருந்தது. "நீ சொன்னத எங்க காணோம்?" என்றாள். அது படத்துக்குத் தேவைப்படவில்லை அக்கா என்றாள் அந்தப் பெண், கண்ணைப் பார்க்காமல். எங்களது மட்டும் தேவைப்பட்டுச்சாக்கும் என்று கேட்டாள் அக்கா. கோபமாகக் கேட்கவில்லை. அந்தப் பெண் மறுபடியும் கழுத்துவரை சிவந்து, சேர்த்துவிடுகிறேன் என்று சொல்லிவிட்டுப் போனாள். சேர்த்தாளா என்று தெரியாது. எங்கள் ஊருக்குத் திரும்பி வந்த துண்டில் நாங்கள் மட்டும்தான் இருந்தோம்.

திருச்சியில் எங்கோ திரையிட்டபோது யாரோ போனில் பிடித்து அனுப்பிய துண்டு அது. கை மாறி மாறி எங்கள் தெருவுக்கு வந்தது. பக்கத்து வீட்டுப் பெண் தன் போனை நாலு பேரிடம் காட்டிக்கொண்டிருந்த இடத்துக்கு என் மாமியார் போயிருக்கிறார். அவருக்குக் காது மந்தம். போனில் வந்த பேச்சு எதுவும் விழவில்லை. படத்தை மட்டும் பார்த்துவிட்டு, "அட, இது நம்ம பெரியவ கையாச்சே! அவதானே இப்புடித் தம் பக்கமா இழுத்து அரிவா. இந்தா, தாளச் சுத்துறது சின்னவ" என்று சந்தோஷமாகச் சொல்லியிருக்கிறார். வீட்டுக்கு வந்து, ரெண்டு பேரும் டிவியில வரீங்களாமே என்று எங்களிடமும் சொன்னார். அந்த முகத்தில் இருந்த பெருமையை நினைத்தால் இன்றைக்கும் எனக்கு உடம்பு கூசுகிறது. சாயங்காலத்துக்குள் யாரோ அவர் காதோடு வாய் வைத்து விஷயத்தைச் சொன்னார்கள். மாமியார் சேலை முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டு சுவர்ப் பக்கம் திரும்பி உட்கார்ந்தார்.

மறுநாள் மரத்தடியில் நடந்ததைச் சிரிக்காமல் சொல்ல முடியாது. படத்தில் இருந்த ஒவ்வொருத்தியும் வேறு மாதிரி அரிய முயன்றாள். வலது கைக்காரி இடது கையில் கத்தி பிடித்தாள். நான் தாளைச் சுற்றாமல் அரிந்து விரலை வெட்டிக்கொண்டேன். அக்கா வந்து உட்கார்ந்தாள். நாலைந்தை ஒன்றாகப் பிடித்தாள், தன் பக்கமாக இழுத்து அரிந்தாள்.

வெள்ளிக்கிழமை சவுதியிலிருந்து போன் வரவில்லை. அடுத்த வெள்ளியும் இல்லை. அவள் கூப்பிட்டால் எடுக்கவில்லை. அந்த மாதம் அவருக்கு லீவு. இரண்டு வருடமாக அவள் எண்ணிக்கொண்டிருந்த லீவு. வரவில்லை என்று தம்பியான என் கணவர் மூலமாகச் சொல்லியனுப்பினார். அக்கா அலமாரியில் அவருக்காக மடித்து வைத்திருந்த கைலிகளை எடுத்து உதறி மறுபடியும் மடித்து வைத்தாள். அவள் ஒன்றைக் கேட்டுக் கிடைக்காமல் நின்றதை நான் முதலில் பார்த்தது அப்போதுதான். எனக்குப் பார்க்கவே கூச்சமாக இருந்தது. இப்படித்தான் ஆகும் என்று தெரிந்துதானே நாங்களெல்லாம் கேட்காமலே இருக்கிறோம் என்று ஓர் எண்ணமும் வந்தது. அந்த எண்ணத்துக்கும் சேர்த்துத்தான் வெட்கப்படுகிறேன்.

சின்ன மாமனார், அதாவது மாமியாருடைய கொழுந்தன், போனில் பேசிப் பேசி ஒருவழியாக அக்கா கணவரை வரவழைத்தார். வந்தவர் முற்றத்தில் நாற்காலியில் உட்கார்ந்தார். அவளைப் பார்க்கவில்லை. சின்ன மாமனார் ஒரு வழி சொன்னார். வெளியூரிலிருந்து கூலிக்கு வந்த ஆட்களைத்தான் அந்தப் பெண் படம் எடுத்தது, அது எங்கள் கை இல்லை என்று மகளிர் குழுவில் சொல்லிவிட வேண்டியது. மாமியார் கண் தெரியாமல் உளறிவிட்டார் என்று அவரும் சொல்லிவிடுவார். ஊர் நம்பாது, ஆனால் நம்பின மாதிரி இருந்துவிடும். மாமியார் தலையாட்டினார். நானும் தலையாட்டினேன். எனக்கு அது பெரிய நிம்மதியாகத்தான் இருந்தது.

அக்கா தூணோரம் நின்றிருந்தாள். அவள் கணவர்தான் கடைசியில் வாயைத் திறந்தார், தரையைப் பார்த்துக்கொண்டு. "ரூம்ல எட்டுப் பேரு. எல்லாம் பாத்துட்டானுங்க. டீசல் டீசல்னு கூப்புடுறானுங்க. ஒரு வார்த்த சொல்லிரு. கை என்னோடது இல்லன்னு."

"நீ முழுசாப் பாத்தியா மாமா?"

"பாத்தேன்."

"நான் யார வேணும்னு சொன்னேன்?"

அவர் கைக்கடிகாரத்தைக் கழற்றித் திரும்பக் கட்டிக்கொண்டார். சின்ன மாமனார் தொண்டையைச் செருமினார். பிறகு, கடையில் சாமான் கேட்கிற சாதாரணக் குரலில் சொன்னாள்.

"கை என்னோடதுதான். இந்த ஆளத்தான் கேட்டேன். இனிமே கேக்க மாட்டேன்."

அழவில்லை, கதவைச் சாத்தவில்லை. உள்ளே போய் உலை வைத்தாள். எல்லாருக்கும் இலை போட்டுப் பரிமாறினாள். லீவு முடிகிற வரை அவருக்கு வேண்டியதையெல்லாம் செய்தாள். வாயாடி அடங்கிட்டா, பிரச்சினை தீர்ந்தது என்று வீட்டில் பேசிக்கொண்டார்கள். அவருக்கு மட்டும் ஏதோ புரிந்திருக்க வேண்டும். ஏர்போர்ட்டுக்குக் கிளம்பும்போது பெட்டியைக் கையில் எடுத்துக்கொண்டு வாசலில் ரொம்ப நேரம் நின்றார். அவள் போயிட்டு வாங்க என்றாள். அவரை அவள் 'ங்க' போட்டுப் பேசியது அன்றைக்குத்தான். அவர் முகம் சுண்டிப்போனது.

அடுத்த வருடம் பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு திருப்பூருக்குப் போய்விட்டாள். பனியன் கம்பெனியில் வேலை, தனி வீடு. பிறகு எங்களோடு பேச்சு வார்த்தை குறைந்து, நின்றும் போனது. போவதற்கு முந்தின நாள் நாங்கள் இரண்டு பேர் மட்டும் மரத்தடியில் இருந்தபோது அவளாகச் சொன்னாள். "படத்துல நான்தான் வாய் கிழியப் பேசுறேன். ஆனா அந்தப் புள்ள உன் கையத்தான் ரொம்ப நேரம் வச்சிருக்கா, கவனிச்சியா? அவளுக்குப் புரிஞ்சிருக்கு. என்னைய மாதிரி உளறாம இருந்துட்ட. இருந்தாலும் பாவம் புள்ள நீ." நான் அடுத்த வெங்காயத்தை எடுத்துத் தாளை விரலில் சுற்றினேன்.

என் கணவர் அந்தக் கோடையில் லீவில் வந்தார். வந்து இரண்டாவது வாரம். மத்தியானம் சாப்பிட்டுவிட்டு மின்விசிறிக்கு அடியில் படுத்திருந்தார், நான் பக்கத்தில் உட்கார்ந்து பையனுடைய சட்டைக்குப் பட்டன் தைத்துக்கொண்டிருந்தேன். அந்தப் படத்தைத் தானும் பார்த்ததாக முதல் முறையாகச் சொன்னார். எல்லாரும் கண்டதைப் பேசுறாளுங்க, நீ ஒருத்திதான் ஒண்ணும் இல்லன்னு சொல்லிட்ட, எனக்கு அங்க எவ்வளவு பெருமையா இருந்துச்சு தெரியுமா என்றார். பிறகு என் முகத்தைப் பார்த்து, "உனக்கு அந்த மாதிரி நெனப்பெல்லாம் வராதுல்ல?" என்று கேட்டார்.

அவர் அந்தப் பெண்ணைப் போல இல்லை. பதிலுக்குக் கொஞ்சம் கூடக் காத்திருக்க மாட்டார் என்று தெரியும். எனக்கு இருந்தது அந்த ஒரு நொடிதான்.

"இல்லங்க" என்றேன்.

அவர் நிம்மதியாக மறுபக்கம் திரும்பிப் படுத்தார். கொஞ்ச நேரத்தில் குறட்டை கேட்டது. அவருடைய லீவில் இன்னும் பத்து நாள் பாக்கி இருந்தது.